வெற்றி மேடையில் வாய் திறவாதவர்கள்

தை பிறந்ததும் சாவகச்சேரிப் பாடசாலை மைதானங்களில் சுண்ணாம்புக் கோடு விழத் தொடங்கிவிடும். இல்ல மெய்வல்லுநர் போட்டிக் காலம். பந்தல், இல்லக் கொடிகள், பாண்ட் வாத்தியம், ஒலிபெருக்கியில் அறிவிப்பாளரின் குரல் என்று அரை ஊருக்குக் கேட்கும். அத்தனை இரைச்சலும் கொடியேற்றும்போது மட்டும் கொஞ்ச நேரம் அடங்கும். பிரதம விருந்தினர், அதிபர், பெற்றோர், மதிலோரம் கச்சான் விற்கிறவர் எல்லாரும் நின்ற இடத்திலேயே நிற்பார்கள். கை பக்கவாட்டில் இருக்கவேண்டும், பார்வை நேரே இருக்கவேண்டும், கால் அசையக்கூடாது.

ஓடுகிறவர் எப்படியும் ஓடலாம், பாய்கிறவர் விழுந்து எழும்பலாம், தோற்றவர் அழலாம். விளையாட்டில் உடம்புக்கு ஒரேயொரு நிலைதான் என்று கட்டளை இருப்பது கீதம் இசைக்கும் அந்த ஒன்றிரண்டு நிமிடத்தில் மட்டுமே. எல்லாரும் ஒரே மாதிரி நிற்கும்போது ஒருவர் தலையைக் குனிந்தாலே போதும், மைதானம் முழுவதும் அவரைத்தான் பார்க்கும். பதாகை வேண்டாம், கோஷம் வேண்டாம். விளையாட்டு வீரர்களின் மௌன எதிர்ப்பு கிட்டத்தட்ட நூறு வருடமாக இந்த ஒன்றிரண்டு நிமிடத்தை வைத்துத்தான் நடந்துவருகிறது. அது எப்படி நடக்கிறது, என்ன விலை கேட்கிறது, இலங்கையில் ஏன் இவ்வளவு அரிதாக இருக்கிறது என்பதைத்தான் இங்கே பார்க்கப்போகிறோம்.

ஒரு சோடிக் கையுறை

எல்லாருக்கும் தெரிந்த படம் மெக்சிக்கோ நகரத்தில் எடுத்தது. 1968 ஒக்டோபர் 16, ஆண்களுக்கான 200 மீற்றர். அமெரிக்கக் கறுப்பினத்தவரான டொமி ஸ்மித் 19.83 செக்கனில் ஓடி உலக சாதனையோடு தங்கம் வென்றார். அவுஸ்திரேலிய வெள்ளையரான பீட்டர் நோர்மன் 20.06 செக்கனில் இரண்டாவது. இன்னொரு அமெரிக்கக் கறுப்பினத்தவரான ஜோன் கார்லோஸ் மூன்றாவது. கீதம் தொடங்கியதும் ஸ்மித் வலக்கையையும் கார்லோஸ் இடக்கையையும் கறுப்புக் கையுறையோடு உயர்த்தினார்கள். தலை குனிந்திருந்தது.

ஒருவர் வலக்கை, மற்றவர் இடக்கை. ஏன்? கார்லோஸ் தன் கையுறைகளை விளையாட்டு வீரர் கிராமத்தில் மறந்து விட்டுவிட்டு வந்துவிட்டார். இருக்கிற ஒரு சோடியை ஆளுக்கொன்றாய்ப் போடுங்கள் என்று யோசனை சொன்னவர் நோர்மன் என்பார்கள். படத்தை உற்றுப் பார்த்தால் இன்னும் தெரியும். இரண்டு அமெரிக்கர்களின் காலிலும் சப்பாத்து இல்லை, கறுப்புக் காலுறை மட்டும். அது கறுப்பின மக்களின் வறுமைக்காக. கார்லோஸின் கழுத்தில் கிடக்கும் மணிமாலை, கும்பலால் அடித்துக் கொல்லப்பட்டவர்களுக்காக. மூன்று பேர் நெஞ்சிலும் ஒரே வட்டச் சின்னம், மனித உரிமைக்கான ஒலிம்பிக் திட்டம் என்ற அமைப்பினுடையது. நோர்மன் கையை உயர்த்தவில்லை, சின்னத்தை மட்டும் குத்திக்கொண்டு நின்றார்.

அதே நகரத்தில், ஒலிம்பிக் தொடங்குவதற்குப் பத்து நாள் முன்னர், திலத்தெலொல்கோ சதுக்கத்தில் கூடிய மாணவர்களை அரச படைகள் சுட்டுக் கொன்றிருந்தன. சர்வதேச ஒலிம்பிக் குழு அதற்காகப் போட்டியை நிறுத்தவில்லை. இரண்டு கைகள் உயர்ந்ததைத்தான் அதனால் பொறுக்க முடியவில்லை. குழுவின் தலைவர் அவெரி பிரண்டேஜ் இருவரையும் வெளியேற்றச் சொன்னார். இல்லாவிட்டால் அமெரிக்க மெய்வல்லுநர் அணி முழுவதையும் விலக்குவதாக மிரட்டல். இதே பிரண்டேஜ் 1936 பேர்லினில் அமெரிக்க ஒலிம்பிக் குழுவின் தலைவராக இருந்தவர். அங்கே மேடையில் வீரர்கள் நாஜி வணக்கம் செய்தபோது அவருக்கு அது அரசியலாகத் தெரியவில்லை. இந்த ஒரு விடயத்தைத் தெரிந்துகொண்டால், ‘விளையாட்டில் அரசியல் கூடாது’ என்று யாராவது சொல்லும்போது யாருடைய அரசியலைச் சொல்கிறீர்கள் என்று திருப்பிக் கேட்கலாம்.

ஸ்மித்தும் கார்லோஸும் நாடு திரும்பியபின் கொலை மிரட்டல்களோடும் வேலை இல்லாமலும் வருடக்கணக்கில் அலைந்தார்கள். 1972 மியூனிக் ஒலிம்பிக்குக்கு அவுஸ்திரேலியா நோர்மனை அனுப்பவில்லை. அது தண்டனையா இல்லையா என்று அங்கே இன்றும் வாதம் நடக்கிறது. அவர் 2006இல் இறந்தபோது சவப்பெட்டியைத் தோளில் சுமந்தவர்களில் ஸ்மித்தும் கார்லோஸும் இருந்தார்கள். அவுஸ்திரேலியப் பாராளுமன்றம் மன்னிப்புக் கேட்டது 2012இல்.

மௌனத்துக்கு ஒரு வாய்

மெக்சிக்கோப் படத்தில் பலர் கவனிக்காத ஒன்று, அதற்குப் பிறகு நடந்தது. ஸ்மித் தொலைக்காட்சியில் தோன்றி, வலக்கை இன்னது, இடக்கை இன்னது, சப்பாத்தில்லாத கால் இன்னது என்று ஒவ்வொன்றாக விளக்கினார். அந்த விளக்கம் இல்லாவிட்டால் பாதிப் பேருக்கு அது விளங்காத ஒரு சைகையாகவே போயிருக்கும். மௌன எதிர்ப்பை முழுவதும் மௌனமாக நடத்த முடியாது. ஒரு சிறிய அடையாளம் வேண்டும், அதற்குப் பிறகு ஒரு வாய் வேண்டும். அந்த வாய் வீரருடையதாகவே இருக்கவேண்டும் என்பதில்லை.

பேர்லின் 1936க்கே திரும்பிப் போவோம். மரதன் ஓட்டத்தில் தங்கம் வென்றவர் சோன் கீ-சுங், கொரியர். கொரியா அப்போது ஜப்பானின் பிடியில். ஜப்பான் உடையில், ஜப்பானியப் பெயரில் ஓடவேண்டிய கட்டாயம். மேடையில் ஜப்பான் கீதம் இசைத்தபோது, பரிசாகக் கொடுத்த ஓக் மரக்கன்றை நெஞ்சோடு அணைத்து, உடையில் இருந்த சூரியச் சின்னத்தை மறைத்துக்கொண்டு குனிந்து நின்றார். மூன்றாவதாக வந்த நாம் சுங்-யோங்கும் கொரியர்தான். அவருக்கு மரக்கன்று கிடைக்கவில்லை. சோனின் தங்கத்தைப் பார்த்து வந்த பொறாமையை விட அந்தக் கன்றைப் பார்த்து வந்த பொறாமைதான் பெரிது என்று பின்னாளில் அவர் சொன்னதாகக் கொரியர்கள் இன்றும் கதைப்பார்கள்.

பேர்லினில் அதைப் பெரிதாக யாரும் எடுத்துக்கொள்ளவில்லை. சியோலில் ‘டொங்-ஆ இல்போ’ பத்திரிகைதான் சோனின் படத்தை வெளியிடும்போது நெஞ்சிலிருந்த ஜப்பான் சின்னத்தை அழித்துவிட்டு அச்சிட்டது. பத்திரிகையாளர்கள் சிறைக்குப் போனார்கள், பத்திரிகை மாதக்கணக்கில் நிறுத்தப்பட்டது. மைதானத்தில் சோன் அரைவாசி சொன்னதை அச்சகத்தில் இருந்தவர்கள் முடித்து வைத்தார்கள். 1988 சியோல் ஒலிம்பிக்கில் சுடரோடு மைதானத்துக்குள் வந்த முதியவர் அதே சோன்.

கொலின் கப்பர்னிக்கின் கதையிலும் இதுதான். 2016 ஓகஸ்டில் அந்த அமெரிக்கக் கால்பந்து வீரர் கீதம் இசைக்கும்போது எழும்பாமல் ஆசனத்திலேயே இருந்தார். முதல் இரண்டு ஆட்டங்களிலும் ஒருவரும் கவனிக்கவில்லை. மூன்றாவது ஆட்டத்தில் யாரோ எடுத்த படத்தில் அவர் இருப்பது தெரிய, ஒரு செய்தியாளர் போய் ஏன் என்று கேட்டார். கறுப்பினத்தவரைப் பொலிஸ் சுட்டுக்கொல்லும் நாட்டின் கொடிக்கு எழும்பி நிற்க மனமில்லை என்ற பொருளில் பதில் வந்தது. நாடே இரண்டுபட்டது. இருப்பதை விட முழந்தாளிடுவது படையினருக்கு மரியாதையாக இருக்கும் என்று முன்னாள் படைவீரர் ஒருவர் சொல்ல, செப்ரெம்பர் 1 முதல் அவர் முழந்தாளிட்டார். அடுத்த வருடம் முதல் எந்தக் கழகமும் அவரை எடுக்கவில்லை. 2020இல் ஜோர்ஜ் ஃபுளொய்ட் கொல்லப்பட்ட பிறகுதான் அமெரிக்கக் கால்பந்து லீக்கின் ஆணையாளர், வீரர்கள் சொன்னதைக் கேட்காமல் விட்டது பிழை என்று ஒத்துக்கொண்டார்.

கிரிக்கெட்டில் இதைத் திட்டம் போட்டுச் செய்தவர்கள் சிம்பாப்வேயின் ஹென்றி ஒலொங்காவும் அன்டி பிளவரும். 2003 உலகக் கிண்ணம், பெப்ரவரி 10, ஹராரேயில் நமீபியாவோடு ஆட்டம். ஒலொங்கா கறுப்பர், பிளவர் வெள்ளையர். முகாபே ஆட்சியில் ஜனநாயகம் செத்துவிட்டது, அதற்குத் துக்கம் காட்டுகிறோம் என்று எழுதிய அறிக்கையை ஆட்டம் தொடங்குமுன்பே செய்தியாளர்களிடம் கொடுத்துவிட்டு, கையில் கறுப்புப் பட்டி கட்டிக்கொண்டு இறங்கினார்கள். முதலில் வாய், அதன் பிறகு மௌனம். சிம்பாப்வே அந்தத் தொடரில் கடைசியாக ஆடியது இலங்கையோடு, தென்னாபிரிக்காவின் ஈஸ்ட் லண்டனில். அதோடு இருவரும் சிம்பாப்வே அணியிலிருந்து விலகினார்கள். கொலை மிரட்டல் வந்த ஒலொங்கா ஊருக்குத் திரும்பவில்லை. இங்கிலாந்துக்குப் போனார்.

டோக்கியோவில் தங்கம், கொழும்பில் தீ

எங்கள் பக்கம் வருவோம். 1958 மே மாதம் டோக்கியோவில் ஆசிய விளையாட்டுப் போட்டி நடந்தது, மே 24 முதல் ஜூன் 1 வரை. உயரம் பாய்தலில் 2.03 மீற்றர் பாய்ந்து இலங்கைக்கு ஆசியப் போட்டியின் முதல் தங்கத்தை எடுத்தவர் நாகலிங்கம் எதிர்வீரசிங்கம், யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியின் பிள்ளை, ஏற்கெனவே இரண்டு ஒலிம்பிக் கண்டவர்.

அதே வாரத்தில்தான் இலங்கையில் தமிழரை வெட்டியும் எரித்தும் கலவரம் நடந்தது. மே 22 அளவில் பொலன்னறுவைப் பக்கம் தொடங்கி, கொழும்புக்குப் பரவி, மே 27இல் அவசரகாலச் சட்டம் வந்தது. தெற்கில் வீடு வாசல் இழந்த தமிழரைக் கப்பலில் ஏற்றி யாழ்ப்பாணத்துக்கு அனுப்பினார்கள். டோக்கியோவில் இலங்கைக் கொடி ஏற ஒரு தமிழர் காரணமாக இருந்த நாட்களில், அந்தக் கொடியின் நாட்டில் தமிழராய் இருப்பதே உயிராபத்தாய் இருந்தது.

அந்த மேடையில் அவர் கையை உயர்த்தவும் இல்லை, தலையைத் திருப்பவும் இல்லை. மெக்சிக்கோவுக்குப் பத்து வருடம் முந்திய காலம். அப்படியொரு சைகை இருக்கிறது என்று அநேகருக்குத் தெரியாது. ஊரில் நடப்பது அங்கே எவ்வளவு எட்டியிருக்கும் என்பது வேறு கேள்வி. ஆனால் அந்தத் தங்கத்தை இரண்டு பக்கமும் தங்கள் தங்கள் கதைக்குள் சேர்த்துக்கொண்டதைப் பார்க்கலாம். இலங்கையர் எல்லோரும் ஒன்று என்பதற்கு அது சாட்சி என்று ஒரு பக்கம் சொல்லும். தமிழன் பதக்கம் கொடுத்தான், நாடு அடி கொடுத்தது என்று மறுபக்கம் சொல்லும். மேடையில் நிற்பவர் பேசாவிட்டால் மற்றவர்கள் அவருக்காகப் பேசிவிடுவார்கள், அதுவும் எதிரெதிராக.

இந்தச் சிக்கல் இங்கே இன்னும் கூடுதல். கொழும்பில் தேசியப் போட்டியொன்றில் வடக்குப் பிள்ளை மேடையேறுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். கீதம் சிங்களத்தில் ஒலிக்கிறது. பிள்ளையின் உதடு அசையவில்லை. அது எதிர்ப்பா, அல்லது பாடத் தெரியாமலா? தமிழ்ப் பாடசாலைகளில் பிள்ளைகள் படிப்பது பண்டிதர் நல்லதம்பி மொழிபெயர்த்த தமிழ் வடிவம். 2016 பெப்ரவரி 4இல் பல பத்தாண்டுகளுக்குப் பிறகு சுதந்திர தின நிகழ்வில் அது தமிழில் பாடப்பட்டபோது பலருக்குக் கண் கலங்கியது. 2020இல் அதை விட்டுவிட்டார்கள். எல்லாரும் பாடுகிற இடத்தில் ஒருவர் பாடாமல் நின்றால் அது செய்தி. பாதிப் பேருக்குச் சொல் தெரியாத இடத்தில் அதே மௌனம் கண்ணிலேயே படாது. மெக்சிக்கோவின் சூத்திரத்தை அப்படியே இங்கே தூக்கிக்கொண்டுவர முடியாததற்கு முதல் காரணம் இதுதான்.

இரண்டாவது காரணம் பிழைப்பு. 1973ஆம் ஆண்டின் 25ஆம் இலக்க விளையாட்டுச் சட்டத்தின்படி தேசிய அணி வெளிநாடு போக விளையாட்டுத்துறை அமைச்சரின் அனுமதி வேண்டும். தேசிய மட்ட மெய்வல்லுநர்களில் கணிசமானோர் முப்படைகளின் விளையாட்டுக் கழகங்களில் சம்பளம் எடுப்பவர்கள். மைதானத்துக்கு வெளியே அவர்களுக்கு இருக்கும் ஒரே நிரந்தர வேலை அது. சீருடைக்காரர் கொடிக்கு முன்னால் முழந்தாளிட்டால் என்ன நடக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

வடக்குப் பிள்ளைகளின் கணக்கு வேறு. சாவகச்சேரி இந்துக் கல்லூரியும் தெல்லிப்பழை மகாஜனாவும் கோலூன்றிப் பாய்தலில் அகில இலங்கை மட்டத்தில் பெயர் எடுத்தவை. மகாஜனாவின் அனித்தா ஜெகதீஸ்வரன் தேசிய சாதனையே படைத்தார். கோலூன்றிப் பாய்கிற கோல் நாலு மீற்றருக்கும் நீளமானது, விலை கூடியது, பஸ்ஸுக்குள் ஏறாது. 2000ஆம் ஆண்டுச் சண்டையில் கல் மேல் கல் இல்லாமல் கிடந்த சாவகச்சேரியிலிருந்து, கோலையும் காவிக்கொண்டு கண்டி வீதி முழுக்கக் கடந்து போகிற பிள்ளைக்கு மேடை கிடைப்பதே பெரும்பாடு. கிடைத்த மேடையை எதிர்ப்புக்குச் செலவழி என்று கதிரையில் இருந்தபடி நாங்கள் சொல்வது நியாயம் இல்லை.

இலங்கை விளையாட்டில் எதிர்ப்பே இல்லை என்றும் சொல்ல முடியாது. 1975 ஜூனில் முதல் உலகக் கிண்ணத்தில் இலங்கையும் அவுஸ்திரேலியாவும் ஓவல் மைதானத்தில் ஆடியபோது லண்டன் தமிழர்கள் உள்ளே ஓடி ஆட்டத்தை மறித்தார்கள். ஆனால் அவர்கள் பார்வையாளர்கள். வீரர் என்ற தகுதியோடு செய்தவர் என்றால் வேகப்பந்து வீச்சாளர் தம்மிக பிரசாத்தைச் சொல்லவேண்டும். 2022 ஏப்ரலில், ஓய்வு பெற்ற பிறகு, காலிமுகத்திடல் போராட்டக் களத்தில் 24 மணி நேரம் உண்ணாவிரதம் இருந்தார். 2019 உயிர்த்த ஞாயிறு குண்டுகளில் இறந்தவர்களுக்கு நீதி வேண்டும் என்பது அவருடைய முதன்மைக் கோரிக்கை. அந்த ஜூலையில் காலியில் அவுஸ்திரேலியாவோடு டெஸ்ட் நடந்துகொண்டிருக்க, கோட்டைச் சுவர்ப் பக்கம் ஜனாதிபதிக்கு எதிரான கோஷம் மைதானத்துக்குள் கேட்டது. உள்ளே ஆட்டம் ஆட்டமாகவே போனது.

சட்டம் எங்கே நிற்கிறது

ஒலிம்பிக் சாசனத்தின் 50ஆவது விதி, ஒலிம்பிக் நடக்கும் எந்த இடத்திலும் அரசியல், மத, இனப் பிரசாரம் கூடாது என்கிறது. 2021 ஜூலையில் டோக்கியோ ஒலிம்பிக்குக்குச் சற்று முன்னர் அதைக் கொஞ்சம் தளர்த்தினார்கள். போட்டி தொடங்குமுன் மைதானத்தில் கருத்தைக் காட்டலாம். வெற்றி மேடையில் காட்டக்கூடாது. அதன்படி பிரித்தானிய, சிலி மகளிர் கால்பந்து அணிகள் ஆட்டத்துக்கு முன் முழந்தாளிட்டன, எவரும் தடுக்கவில்லை. ஸ்மித்தும் கார்லோஸும் இன்று அதையே செய்தாலும் விதிப்படி குற்றவாளிகள்தான்.

கிரிக்கெட்டில் ஐ.சி.சி.யின் நிலைப்பாடு எனக்கு விளங்கினதே இல்லை. 2014இல் இங்கிலாந்தின் மொயீன் அலி காஸாவுக்கு ஆதரவான மணிக்கட்டுப் பட்டி கட்டியபோது கழற்றச் சொன்னார்கள். 2020இல் மேற்கிந்தியத் தீவுகளும் இங்கிலாந்தும் கறுப்பின உயிர்களுக்கான சின்னத்தை உடையில் குத்தியபோது அனுமதித்தார்கள். 2023 டிசம்பரில் அவுஸ்திரேலியாவின் உஸ்மான் கவாஜா, எல்லா உயிரும் சமம் என்று சப்பாத்தில் எழுதிக்கொண்டு பேர்த் டெஸ்டில் இறங்க இருந்தபோது தடுத்தார்கள். அவர் எழுத்தின் மேல் நாடா ஒட்டி மறைத்து, கையில் கறுப்புப் பட்டி கட்டினார். அதற்கும் கண்டனம். சமாதானப் புறாச் சின்னம் கேட்டார், அதுவும் இல்லை. மெல்பேர்ணில் தன் இரண்டு மகள்மாரின் பெயரைச் சப்பாத்தில் எழுதிக்கொண்டு ஆடினார். அதற்கு என்ன விதி காட்டுவது?

கட்டளை போட்டு வரும் மௌனத்துக்கும் ஒரு உதாரணம் இருக்கிறது. 2021 ரி20 உலகக் கிண்ணத்தில் தென்னாபிரிக்க வாரியம், எல்லாரும் முழந்தாளிடவேண்டும் என்று ஆட்டத்தன்று உத்தரவிட்டது. குயின்டன் டி கொக் மறுத்து, மேற்கிந்தியத் தீவுகளோடான ஆட்டத்திலிருந்தே விலகினார். இன வெறுப்பு என்று திட்டினார்கள். தன் சிற்றன்னை கறுப்பினத்தவர், தங்கைமார் கலப்பினத்தவர், அதிகாரம் செய்து சொன்னதுதான் பிடிக்கவில்லை என்று அவர் விளக்கினார். அடுத்த ஆட்டம் ஷார்ஜாவில் இலங்கையோடு. முழந்தாளிட்டார். அவரைப் பற்றி என்ன நினைத்தாலும் சரி, அட்டவணையில் ஏறிய பிறகு முழந்தாளிடுவதும் கொடியேற்றத்தில் நேரே நிற்பதும் ஒரே வகைக்குள் வந்துவிடுகின்றன.

எங்கள் மண்ணில் இருந்து இருந்தே

வாய் திறக்காமல் இருந்து கேட்பது இந்த மண்ணுக்குப் புதிதல்ல. 1956 ஜூன் 5, தனிச் சிங்களச் சட்டத்துக்கு எதிராகத் தமிழரசுக் கட்சியினர் காலிமுகத்திடலில் இருந்து சத்தியாக்கிரகம் செய்து அடி வாங்கினார்கள். 2017 பெப்ரவரி முதல் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் தாய்மார் கிளிநொச்சியில் வீதியோரம் பிள்ளையின் படத்தை மடியில் வைத்துக்கொண்டு இருந்தார்கள். மெக்சிக்கோவில் கை உயர்ந்த அதே 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலில் ஒடுக்கப்பட்ட சாதித் தமிழர் உள்ளே விடுங்கள் என்று சத்தியாக்கிரகம் இருந்தார்கள். வாசலை மறித்து நின்றவர்கள் கொழும்பிலிருந்து வந்தவர்கள் இல்லை. எங்களவர்கள்தான். அந்த மறிப்பை முன்னின்று நடத்திய பேராசிரியர் சி. சுந்தரலிங்கத்துக்கு நீதிமன்றம் தண்டம் விதித்தது.

அதனால் ஒன்றைக் கேட்டுப் பார்க்கலாம். கொழும்பு மேடையில் தென்மராட்சிப் பிள்ளை ஒன்று தலை குனிந்து நின்றால் அடுத்த நாள் யாழ்ப்பாணம் கொண்டாடும். அதே பிள்ளை ஊர்க் கோயில் திருவிழாவை ஒட்டிய விளையாட்டுப் போட்டியில், தன் சாதிக்காரருக்கு இன்னும் தேர் வடம் தொட விடவில்லை என்று கிண்ணத்தை வாங்காமல் கையைக் கட்டிக்கொண்டு நின்றால்? ‘தம்பி, இங்க அரசியல் கதைக்க வேண்டாம்’ என்று ஒலிபெருக்கிக்காரரே சொல்லிவிடுவார். பிரண்டேஜ் சொன்னதும் அதுதான்.

மௌனத்துக்கு ஒரு வாய் வேண்டும் என்ற விடயத்துக்கே திரும்புவோம். எதியோப்பியாவின் ஒரோமோ இனத்தவரான பெயிசா லிலேசா, 2016 றியோ மரதனில் இரண்டாவதாக வந்து, எல்லைக் கோட்டில் கைகளைக் குறுக்கே தூக்கிக் காட்டினார், ஒரோமோ மக்கள் போராட்டத்தில் செய்யும் சைகை. செய்தியாளர் சந்திப்பில் அதற்கு விளக்கமும் சொன்னார். நாடு திரும்பாமல் இரண்டு வருடம் வெளியே இருந்தார். ஆட்சி மாறி 2018இல் திரும்பினார். அவருக்கும் கப்பர்னிக்குக்கும் கிடைத்த ஒரு வசதி எங்கள் பிள்ளைகளுக்குக் கிடைப்பதில்லை. அவர்களிடம் ஏன் என்று கேட்க ஆள் இருந்தது. அகில இலங்கைப் போட்டி முடிந்து பதக்கத்தோடு வருகிற பிள்ளையிடம் யாழ்ப்பாணப் பத்திரிகைக்காரர் நாங்கள் கேட்பது இரண்டு கேள்வி: எவ்வளவு உயரம் பாய்ந்தாய், பயிற்றுநர் யார். பதிலை எழுதிக்கொண்டு, அதிபரோடு நிறுத்திப் படம் எடுத்து, கடைசிப் பக்கத்துக்கு அனுப்பிவிடுகிறோம்.